தன் கூட்டத்தைப் பற்றித் தானே படம் எடுக்கலாமா? ஸ்டேசி பெரால்டாவை முன்வைத்து ஒரு சண்டை

பிப்ரவரி 4, இரவு 11.20

ஒரே கேள்விதான். ஒரு கூட்டத்தில் இருந்தவனே அந்தக் கூட்டத்தைப் பற்றிப் படம் எடுத்தால் அதை ஆவணப்படம் என்பதா, சுயபுராணம் என்பதா?

நேற்று மறுபடியும் "டாக்டவுன் அண்ட் ஸீ-பாய்ஸ்" பார்த்தேன். 2001-இல் வந்தது. இயக்கம் ஸ்டேசி பெரால்டா. 1975 வாக்கில் கலிஃபோர்னியாவின் சான்டா மோனிகா, வெனிஸ் கடற்கரைப் பக்கம் கடல் அலை ஏறும் சர்ஃப் பலகைகள் விற்கும் ஒரு கடையைச் சுற்றித் திரிந்த பன்னிரண்டு பிள்ளைகள் ஸ்கேட்போர்டு ஓட்டும் முறையையே எப்படி மாற்றிப் போட்டார்கள் என்பது கதை. அவர்கள்தான் ஸீ-பாய்ஸ், அந்த வட்டாரம்தான் டாக்டவுன். அந்தப் பன்னிரண்டில் ஒருவர் பெரால்டா. அதாவது இயக்குநரே உட்கார்ந்து பேட்டி கொடுக்கிறார். கீழே அவர் பெயர் வருகிறது. மற்றவர்கள் அவரைப் பற்றியும் பேசுகிறார்கள். அதில் எதை வைப்பது, எதை வெட்டுவது என்று முடிவு செய்தவரும் அவரே.

என் தீர்ப்பு: சுயபுராணம். பிரமாதமாக எடுக்கப்பட்ட சுயபுராணம். அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் அந்த ஆண்டு ஆவணப்படத்துக்கான இயக்குநர் விருதும் பார்வையாளர் விருதும் வாங்கியது என்பதற்காக என் தீர்ப்பு மாறாது.

பிப்ரவரி 5, காலை 7.40

"பலகைல நாலு சக்கரம், இதுல என்னய்யா முன்னோடி" என்று இந்த இழையில் ஒருவர் கேட்டிருக்கிறார். நியாயம்தான். ஆனால் கதையே சக்கரத்தில்தான் இருக்கிறது.

அங்கே 1960-களில் ஸ்கேட்போர்டு ஒருமுறை வந்து, பிள்ளைகளுக்குச் சலித்து, ஓய்ந்துபோன பண்டம். அப்போது சக்கரம் களிமண் கலவை. ரோட்டில் ஒரு பொடிக்கல் கிடந்தால் போதும், சக்கரம் நின்றுவிடும், ஆள் மட்டும் போய்க்கொண்டிருப்பான். 1970-களின் தொடக்கத்தில் ஃபிராங்க் நாஸ்வொர்த்தி என்ற பையன் வர்ஜீனியாவில் ஒரு பட்டறையில் ரோலர் ஸ்கேட்டுக்காக வார்த்து வைத்திருந்த யூரித்தேன் என்ற பிளாஸ்டிக் சக்கரங்களைப் பார்க்கிறான். தன் பலகையில் மாட்டிப் பார்க்கிறான். தரையைக் கவ்விப் பிடிக்கிறது. கேடிலாக் என்று பெயர் வைத்துக் கலிஃபோர்னியாவில் விற்கத் தொடங்குகிறான்.

சக்கரம் பிடித்துக்கொண்டதும் ஓட்டுபவனின் உடம்பு மாறியது. அதுவரை பலகை மேல் விறைப்பாக நிற்பார்கள், தலைகீழாகக் கை ஊன்றி நிற்பார்கள், கிட்டத்தட்ட சர்க்கஸ். ஸீ-பாய்ஸ் கூட்டம் முழுக்கக் கடலில் அலை ஏறும் பிள்ளைகள். ஹவாய்க்காரர் லாரி பெர்ட்டில்மன் அலையில் உடம்பைத் தாழ்த்தி வளைந்து திரும்புவதைப் பார்த்தார்கள். அதையே தார்த்தரையில் செய்தார்கள். முழங்கால் மடங்கி, ஒரு கை தரையைத் தொட்டு, அந்தக் கையை மையமாக வைத்துப் பலகை சர்ரென்று வழுக்கித் திரும்பும். அதற்குப் பெயரே "பெர்ட்". 1975-இல் டெல் மாரில் நடந்த ஸ்கேட்போர்டு போட்டிக்கு எல்லோரும் ஒரே நீலச் சட்டையில் போய் இப்படி ஓட்டியபோது, இதற்கு எப்படி மதிப்பெண் போடுவதென்று நடுவர்களுக்கே புரியவில்லை.

அப்புறம் நீச்சல்குளம். 1976-77-இல் கலிஃபோர்னியாவில் கடும் வறட்சி. வசதியான வீடுகளின் பின்கட்டுகளில் குளங்கள் காலியாகக் கிடந்தன. இவர்கள் மதில் ஏறிக் குதித்து, மிச்சத் தண்ணீரை பம்பு வைத்து இறைத்து, அடியில் கிடந்த சகதியை அள்ளிப் போட்டுவிட்டு ஓட்டினார்கள். தெருமுனையில் ஒருத்தன் காவல். போலீஸ் வந்தால் எதிர்ப்பக்க மதில்.

ஒன்று கவனியுங்கள். அந்தக் குளங்களில் தரையும் சுவரும் சேருமிடம் மூலையாக இருக்காது, கிண்ணம் மாதிரி வளைந்து ஏறும். பலகை தரையிலிருந்து அப்படியே சுவருக்குப் போய்விடலாம். நம் மொட்டைமாடித் தண்ணீர்த்தொட்டி மாதிரி நேர்மூலை வைத்துக் கட்டியிருந்தால் இந்தக் கலையே பிறந்திருக்காது. கொத்தனார் கையில் இருந்திருக்கிறது வரலாறு.

பிப்ரவரி 5, மதியம்

படத்துக்குப் பின்னணிக் குரல் கொடுத்த நடிகர் ஷான் பென்னும் அந்தக் கூட்டத்தில் இருந்தவர்தானே என்று கேட்டவருக்கு: இல்லை. அதே வட்டாரம், சான்டா மோனிகா உயர்நிலைப் பள்ளி, அவ்வளவுதான். கூட்டம் வேறு.

பிப்ரவரி 5, மாலை

அந்தக் குரலில் எனக்கு ரொம்பப் பிடித்த இடம், நடு வாக்கியத்தில் ஷான் பென் தொண்டையைச் செருமுகிறார். செருமலை எடுக்காமல் அப்படியே விட்டிருக்கிறார்கள். நான் கல்யாண வீடியோ எடிட் செய்பவன். சாஸ்திரிகள் செருமினால்கூட வெட்டச் சொல்வார்கள் பெண் வீட்டார்.

பிப்ரவரி 7

தீர்ப்பை அவசரத்தில் எழுதிவிட்டேனோ என்று இரண்டு நாளாக உறுத்தல்.

ஒரு விஷயத்தை விட்டுவிட்டேன். படத்தின் எழுத்தில் பெரால்டாவோடு கிரெய்க் ஸ்டெசிக் பெயரும் இருக்கிறது. யார் இந்த ஸ்டெசிக்? அந்தக் கடையை நடத்திய மூவரில் ஒருவர். மற்ற இருவர் ஜெஃப் ஹோ, ஸ்கிப் எங்ப்ளம். 1975-இலிருந்து "ஸ்கேட்போர்டர்" பத்திரிகையில் இந்தப் பிள்ளைகளைப் பற்றி எழுதி, புகைப்படமும் போட்டவர். ஜான் ஸ்மைத் போன்ற புனைபெயர்களிலும் எழுதினார். கிளென் ஃப்ரீட்மன் அப்போது பள்ளிக்கூடப் பையன், அவனும் கேமராவோடு குளத்தோரம் நின்றான். 2001 படத்தில் ஃப்ரீட்மன் இணைத் தயாரிப்பாளர்.

ஆக ஓட்டியவன், எழுதியவன், படம் பிடித்தவன் என்று மூன்று பேரும் உள்ளூர்ப் பங்காளிகள். நான் நினைத்ததைவிட இது மோசம் என்று ஒரு பக்கம் தோன்றுகிறது. இன்னொரு பக்கம், புராணம் 2001-இல் எழுதப்பட்டதே இல்லை. அந்தப் பிள்ளைகளுக்குப் பதினைந்து, பதினேழு வயதாக இருக்கும்போதே அச்சில் வந்துவிட்டது. தன்னைப் பற்றி வந்த கட்டுரையைப் படித்துவிட்டு மறுநாள் குளத்துக்குப் போகும் பையன், கட்டுரையில் இருக்கும் பையன் மாதிரிதான் ஓட்டுவான். பெரால்டா வந்து கதை கட்டவில்லை. கட்டிய கதைக்குள் வளர்ந்தவர்.

பழைய படச்சுருள் இத்தனை இருந்ததும் இதனால்தான். வெளியாள் ஒருவர் வந்து கேட்டிருந்தால் பரணிலிருந்து யார் இறக்கிக் கொடுத்திருப்பார்கள்?

பிப்ரவரி 7, இரவு

படத்துக்குக் காசு போட்டது வேன்ஸ் காலணி நிறுவனம் என்பதையும் சொல்லிவிட வேண்டும். படத்தில் பிள்ளைகள் காலில் கிடப்பதும் வேன்ஸ்தான். அது விளம்பரத்துக்காகப் போட்டதில்லை, 1975-லும் அவர்கள் அதைத்தான் போட்டிருந்தார்கள். ஆனாலும்.

பிப்ரவரி 9

ஒருவர் கோபமாக எழுதியிருக்கிறார்: "அவர் எடுக்காவிட்டால் ஹாலிவுட் எடுத்திருக்கும், அது பரவாயில்லையா?"

நடந்ததே கிட்டத்தட்ட அதுதான். 1999-இல் "ஸ்பின்" பத்திரிகையில் இந்தக் கூட்டத்தைப் பற்றி நீளமான கட்டுரை வந்தது. ஹாலிவுட் அதை எடுக்கக் கிளம்பியது. தங்கள் கதையை வேறு யாரோ கெடுத்துவிடுவார்கள் என்ற பதற்றத்தில்தான் பெரால்டா ஆவணப்படத்தைக் கையிலெடுத்தார். பிறகு 2005-இல் "லார்ட்ஸ் ஆஃப் டாக்டவுன்" என்று கதைப்படமாகவும் வந்தது. இயக்கம் கேத்தரின் ஹார்ட்விக். திரைக்கதை? பெரால்டாவேதான். அதில் ஸ்டேசி என்று ஒரு பாத்திரம் உண்டு. தன்னையே இரண்டு தடவை எழுதிய ஆள். கதைப்பட ஸ்டேசி கொஞ்சம் நல்ல பிள்ளை, முடி நீளம், நேரத்துக்கு வருவான். இதற்கு மேல் நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை.

பிப்ரவரி 11

எனக்கு ஏன் இதில் இவ்வளவு எரிச்சல் என்று தனிமடலில் ஒரு நண்பர் கேட்டார். சொல்கிறேன்.

நானும் இதே வேலையைத் தொடங்கிப் பாதியில் நிற்கிறேன். பதினாறு வயதில் திருநெல்வேலிப் பக்கம் ஒரு மெல்லிசைக் குழுவில் வாசித்தேன். கோயில் கொடைக்குக் கொடை போவோம். ராத்திரி பத்து மணிக்கு ஆரம்பித்தால் விடிய நாலு மணிக்கு முடியும். எல்லோருக்கும் ஒரே மாதிரி நீலக் கோட்டு, ஜூன் மாதத்திலும் கோட்டு. வேனில் இடம் இல்லாமல் ஸ்பீக்கர் பெட்டி மேல் படுத்துக்கொண்டு போன நாட்கள். இன்றைக்கு அந்த உலகமே இல்லை. நாலு வருஷமாக ஓய்வு கிடைக்கும்போதெல்லாம் பழைய ஆட்களைத் தேடிப் பேட்டி எடுத்து வைக்கிறேன். கிடாரிஸ்ட் ஒருவர் இப்போது ஜெராக்ஸ் கடை. பெண் குரலில் பாடியவர் இப்போது ரேஷன் கடை. இதுவரை ஒன்பது பேர்.

பிரச்சினை என்னவென்றால், ஒவ்வொரு பேட்டியிலும் அவர்கள் கேமராவைப் பார்த்துப் பேசுவதில்லை. கேமராவுக்குப் பின்னால் நிற்கிற என்னைப் பார்த்து, "அதான் ஒனக்குத் தெரியுமேடே" என்கிறார்கள். பார்ப்பவனுக்குத் தெரியாதே! "தெரியாத மாதிரி சொல்லுங்க அண்ணாச்சி" என்றால் நாடகம் மாதிரி ஆகிவிடுகிறது.

பெரால்டா அந்த இடத்தை எப்படித் தாண்டினார் என்று பார்க்கத்தான் படத்தைத் திரும்பப் போட்டேன். அவர் கேட்கிற கேள்வி எதுவும் நம் காதில் விழுவதில்லை. வேகமாக வெட்டுகிறார்கள். எடிட்டர் பால் க்ரௌடர் கைவண்ணம். ஒருவன் ஆரம்பித்த வாக்கியத்தை இன்னொருவன் முடிக்கிறான். பேசுகிற எல்லோரும் ஒரே வாய் ஆகிவிடுகிறார்கள். தந்திரம் புரிந்தது. ஆனால் ஒரே வாய் ஆகிவிட்டால் முரண்பட்டுச் சொன்னவன் எங்கே போனான்?

பிப்ரவரி 12

"குழுவில் நீங்கள் என்ன வாசித்தீர்கள்" என்று கேட்டவருக்கு: ரிதம் பேட். அதைப் பற்றி அப்புறம்.

பிப்ரவரி 15

இன்னொரு பெரால்டா இருக்கிறார், அவரைப் பற்றி இங்கே யாரும் பேசவில்லை. பத்தொன்பது வயதில் ஸ்கேட்போர்டு தரவரிசையின் உச்சியில் இருந்தவர் ஓட்டுவதை விட்டுவிட்டு 1978-இல் ஜார்ஜ் பவல் என்ற பொறியாளரோடு சேர்ந்து பவல் பெரால்டா என்ற ஸ்கேட்போர்டு நிறுவனத்தைத் தொடங்குகிறார். தானே போய்ப் பிள்ளைகளைப் பொறுக்கி எடுக்கிறார். டோனி ஹாக், ஸ்டீவ் கபயேரோ, ராட்னி மல்லன், லான்ஸ் மௌன்டன், மைக் மெகில், டாமி கரேரோ. இந்தக் கூட்டத்துக்குப் போன்ஸ் பிரிகேட் என்று பெயர் வைத்தது யார் தெரியுமா? அதே ஸ்டெசிக். நான் சொன்னேனே.

1980 வாக்கில் காப்பீட்டுச் செலவு தாங்காமல் ஸ்கேட் பூங்காக்கள் வரிசையாக மூடப்பட்டன. பிள்ளைகளுக்கு ஓட்ட இடமில்லை, பார்க்க ஆளில்லை. அந்த நேரத்தில் 1984-இல் பெரால்டா ஒரு வீடியோ எடுக்கிறார். வி.எச்.எஸ். கேசட். ஸ்கேட் கடைகளில் விற்றார்கள். பெரிய ஊர் எதிலும் இல்லாத ஒரு பையன், தன் வீட்டு டிவியில் கேசட்டைப் பின்னோக்கி ஓட்டி ஓட்டி, பலகை எந்த நொடியில் காலை விட்டுப் பிரிகிறது என்று பார்த்து, வாசலில் போய்ச் செய்து பார்க்கலாம். குரு இல்லாத பிள்ளைகளுக்குக் கேசட்டே குரு.

இது எனக்கு நன்றாகத் தெரிந்த சமாச்சாரம். கையால் தட்டும் தும்பா மேளத்தில் ஒரு உருட்டலைப் பிடிக்க டேப் ரிக்கார்டரின் ரிவைண்ட் பட்டனைத் தேய்த்தவர்கள் நாங்கள்.

1987-இல் வந்தது மூன்றாவது கேசட், காணாமல்போன ஒரு கிழட்டு ஸ்கேட் குருவைத் தேடிப் பிள்ளைகள் ஊர் ஊராகப் போவதாகக் கதை. குருவுக்குச் சீனப் பெயர் வைத்துக் கேலி. இப்போது பார்த்தால் கூசுகிறது. ஆனால் அவர்கள் கட்டிய அந்தப் பிரம்மாண்ட மரச்சரிவில் நால்வர் ஒரே நேரத்தில் ஏறி இறங்குவது இருக்கிறதே, அந்த இடத்தில் ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள்.

பிப்ரவரி 16

"மூன்றாவது" என்று எழுதியது சரிதான். 1984, 1985, 1987. எண்ணிப் பார்த்துவிட்டேன், நம்புங்கள்.

பிப்ரவரி 20

என் தீர்ப்புக்கு எதிரான சாட்சியத்தை நானே கொண்டு வருகிறேன். 2008-இல் அவர் எடுத்த "க்ரிப்ஸ் அண்ட் ப்ளட்ஸ்". தெற்கு லாஸ் ஏஞ்சலஸின் இரண்டு கறுப்பினக் கும்பல்கள் எப்படி உருவாயின என்பது. இங்கே பெரால்டா முழு வெளியாள். வெள்ளைக்காரர், கடற்கரைப் பையன். அவர் வளர்ந்த இடத்திலிருந்து காரில் போகிற தூரம்தான், ஆனால் வேறு நாடு. தன் குரலையும் வைக்கவில்லை, ஃபாரஸ்ட் விட்டேக்கர் பேசுகிறார்.

அங்கே அவர் நிதானமாகிவிடுகிறார். 1950-களில் கறுப்பினச் சிறுவர்கள் தங்களுக்கென்று தெருக் குழுக்கள் ஆரம்பித்ததிலிருந்து தொடங்கி, 1965 வாட்ஸ் கலவரம், அதில் செத்த 34 பேர், மூடப்பட்ட தொழிற்சாலைகள், 1992 கலவரம் என்று ஒவ்வொரு படியாக வருகிறார். யாரையும் நாயகனாக்கவில்லை. பிள்ளைகளைப் பறிகொடுத்த அம்மாக்கள் ஒவ்வொருவராக கேமராவைப் பார்த்து நிற்கிறார்கள். அதிகம் பேசுவதில்லை.

அப்படியானால் வெளியாளாக இருக்கும்போது நல்ல ஆவணப்படம், உள்ளாளாக இருக்கும்போது புராணமா? என் வாதம் ஜெயித்த மாதிரி இருக்கிறது. ஆனால் நேர்மையாகச் சொன்னால், நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது டாக்டவுனைத்தான். "க்ரிப்ஸ் அண்ட் ப்ளட்ஸ்" படத்தை இரண்டே தடவைதான் பார்த்தேன்.

பிப்ரவரி 20, சற்று நேரம் கழித்து

2004-இல் எடுத்த "ரைடிங் ஜயன்ட்ஸ்" இரண்டுக்கும் நடுவில். ராட்சச அலை ஏறுபவர்களைப் பற்றியது. அவரும் அலை ஏறுபவர், ஆனால் அந்த அளவு அலை ஏறியவர் இல்லை. சன்டான்ஸ் விழாவைத் தொடங்கி வைத்த முதல் ஆவணப்படம். அதில் ஜெஃப் கிளார்க் என்று ஒருவர். கலிஃபோர்னியாவில் மேவரிக்ஸ் என்ற இடத்தில் 1975-இலிருந்து பதினைந்து வருஷம் தனியாக அலை ஏறியவர். கூட வர ஆளில்லை. சொன்னாலும் அப்படி ஒரு அலை அங்கே இருப்பதை நம்ப ஆளில்லை. பதினைந்து வருஷம்! கூட்டமே இல்லாத முன்னோடி. இவரைப் பற்றி எடுக்கக் கூட்டாளி யார் இருந்திருக்க முடியும்?

மார்ச் 2

போன்ஸ் பிரிகேட் பிள்ளைகளைப் பற்றி 2012-இல் பெரால்டா எடுத்த படத்தைப் பார்த்தேன். தலைப்பிலேயே சுயசரிதை என்று போட்டுவிட்டார். குற்றச்சாட்டை முன்கூட்டியே ஒப்புக்கொண்ட ஆளிடம் என்ன வழக்காடுவது?

பிள்ளைகள்தான் எடுக்கச் சொல்லி வற்புறுத்தினார்களாம். தன்னை மறுபடி தானே படம் எடுப்பதா என்று இவர் பல வருஷம் தட்டிக்கழித்திருக்கிறார். ஆக, என் கேள்வி அவருக்கும் இருந்திருக்கிறது.

இதில் ராட்னி மல்லன் பேசுவதைப் பார்க்க வேண்டும். ஃப்ளோரிடாவில் கண்டிப்பான அப்பாவிடம் வளர்ந்த பையன், வீட்டுக் கொட்டகையில் தனியாகப் பழகியவன். தட்டைத் தரையில் கையால் பிடிக்காமல் பலகையோடு எழும்புவது, எழும்பிய பலகையைக் காலால் சுழற்றுவது என்று இன்று தெருவில் எந்தப் பையன் செய்கிற வித்தையை எடுத்தாலும் அதில் பாதி இவரிடமிருந்து வந்தது. பேசும்போது கண் எங்கேயோ இருக்கிறது. ஜெயிப்பது பாரமாக இருந்தது என்கிறார்.

ஆனால் என்னைப் பிடித்து உலுக்கியது லான்ஸ் மௌன்டன். அந்தக் கூட்டத்தில் தான்தான் திறமை குறைந்தவன் என்ற எண்ணம் அவரை விட்டுப் போகவே இல்லை. சுற்றி ஹாக், கபயேரோ, மல்லன். நடுவில் இவர். முதல் கேசட்டில் பிள்ளைகளை எல்லாம் கோத்துக் காட்டும் சிரிப்பு மூஞ்சி இவர்தான். பார்க்கிற சாதாரணப் பையனுக்கு "நானும் செய்யலாம் போல" என்று தோன்றியது இவரைப் பார்த்துத்தான்.

எந்தக் கூட்டத்திலும் கதையைப் பத்திரப்படுத்துவது உச்சியில் இருந்தவன் இல்லை. டாக்டவுனில் பிறவித் திறமை ஜே ஆடம்ஸ். நட்சத்திரம் டோனி ஆல்வா. ஆடம்ஸ் போதையிலும் சிறையிலும் கொஞ்ச காலம் போனார். கணக்கு எழுதி, தேதி நினைவு வைத்து, கடைசியில் படம் எடுத்தவர் மூன்றாமவர். உலகத் தரவரிசையில் முதலிடம் வாங்கியும் தன் தெருவில் மூன்றாமவர்.

மார்ச் 3

நேற்றைய குறிப்பில் "எந்தக் கூட்டத்திலும்" என்று பெரிதாக அடித்துவிட்டேன். இரண்டு கூட்டம்தான் எனக்குத் தெரியும். அதில் ஒன்றில் நான் இருந்தேன்.

மார்ச் 3, இரவு

சரி, ரிதம் பேட்.

எங்கள் குழுவில் தும்பா வாசித்த ஒரு அண்ணன் இருந்தார். பெயர் வேண்டாம், தும்பா அண்ணன் என்றே வைத்துக்கொள்வோம். அவர் கைக்காகவே எங்களைக் கூப்பிட்ட ஊர்கள் உண்டு. ஆலங்குளம் பக்கம் ஒரு கொடையில் நடுராத்திரி கரண்டு போனது. ஜெனரேட்டரில் டீசல் இல்லை. கீபோர்டு செத்தது, கிடார் செத்தது, மைக் செத்தது. என் பேடும் செத்தது. கூட்டம் எழுந்திருக்கத் தொடங்கியது. தும்பா அண்ணன் கோட்டைக் கழற்றிப் போட்டுவிட்டு, வெள்ளைச் சட்டையோடு இருட்டில் தனியாக வாசிக்க ஆரம்பித்தார். கரண்டு வர ஒரு மணி நேரம். ஒரு ஆள் நகரவில்லை. நான் மூன்றடி தள்ளி நின்றேன். அந்த ராத்திரியை விட்டால் என் படமே இல்லை. பேட்டியில் மூன்று பேர் தனித்தனியாக அதைச் சொல்லியிருக்கிறார்கள்.

இனி விட்டுப்போனதைச் சொல்கிறேன். ஒரு பேடில் தட்டினால் தும்பா, தபலா, டோலக்கு என்று எல்லாச் சத்தமும் வரும். வேனில் ஒரு ஆள் குறையும், ஒரு சம்பளம் குறையும். இரண்டு வருஷத்தில் குழு நடத்தியவர் தும்பா அண்ணனைக் கூப்பிடுவதை நிறுத்தினார். யாரும் அவரிடம் போய்ச் சொல்லக்கூட இல்லை. வேன் அவர் தெருவுக்குள் திரும்பவில்லை, அவ்வளவுதான். அந்த வேனில் நான் இருந்தேன். அவர் சத்தத்தை எல்லாம் என் மடியில் வைத்துக்கொண்டு.

நான் பேட்டி எடுத்த ஒன்பது பேரில் அவர் இல்லை. "தேடினேன், கிடைக்கவில்லை" என்று எல்லோரிடமும் சொல்லி வருகிறேன். உண்மையில் நான் தேடவில்லை.

மார்ச் 5

மேலே எழுதியதற்கு வந்த ஆறுதல்களைப் படித்தேன். ஆறுதல் கேட்டு எழுதவில்லை. பெரால்டா பக்கம் திரும்புவோம்.

பன்னிரண்டு பேரில் பதினோரு பேரைக் கேமரா முன் உட்கார வைத்தார். ஒருவர் மட்டும் இல்லை, கிறிஸ் கேஹில். எங்கே இருக்கிறார் என்றே தெரியவில்லை என்று படம் சொல்லிவிடுகிறது. முதல் தடவை பார்த்தபோது அது ஒரு கவித்துவமான முடிவாகத் தெரிந்தது. இப்போது, எவ்வளவு தேடினார் என்று கேட்கத் தோன்றுகிறது. அந்தக் கேள்வியைக் கேட்க எனக்கு யோக்கியதை இல்லை என்பது வேறு. அந்தப் பன்னிரண்டில் 2010-இல் பாப் பினியாக் இறந்துபோனார், 2011-இல் கேஹிலும். 2014-இல் ஷோகோ குபோ, ஜே ஆடம்ஸ். இன்றைக்கு அந்தப் படத்தை எடுக்க முடியாது. இது ஒன்றுக்காகவே அவருக்குக் கும்பிடு.

பெண் ஒருத்தர், பெகி ஓகி. பன்னிரண்டில் ஒரே பெண். படம் அவரைக் காட்டுகிறது, ஆனால் கடந்து போய்விடுகிறது. பையன்களின் மதில் ஏறும் கதைகளுக்கு இருக்கும் நேரம் அவருக்கு இல்லை. வெளியாள் எடுத்திருந்தால் முதல் கேள்வியே அவரிடம் போயிருக்கும்.

மார்ச் 5, கொஞ்ச நேரத்தில்

உள்ளாள் எடுத்ததால் மட்டுமே கிடைத்த ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். டாக் போல் என்று ஒரு நீச்சல்குளம் வருகிறதே, அது திருட்டுக் குளம் இல்லை. அந்த வீட்டுப் பையனுக்குத் தீராத நோய். நண்பர்கள் ஓட்டுவதைப் பார்க்க வேண்டும் என்று அப்பாவிடம் கேட்டான். அப்பா குளத்தை வடித்துக் கொடுத்தார். போலீஸ் பயமில்லாமல் அவசரமில்லாமல் ஓட்டக் கிடைத்த இடம் என்பதால்தான், 1977 வாக்கில் ஆல்வா விளிம்பைத் தாண்டிக் காற்றில் எழும்பித் திரும்பக் குளத்துக்குள் இறங்கினார். இன்றைய ஸ்கேட்போர்டில் பாதி அந்த விளிம்புக்கு மேலேதான் நடக்கிறது. நான்கே பேருக்குத் தெரிந்த வீட்டு விஷயம் இது. மதிலுக்கு உள்ளே இருந்தவன்தான் சொல்ல முடியும்.

மார்ச் 9

"சுயபுராணமா ஆவணப்படமா, கடைசியாக என்னதான் சொல்கிறீர்கள்?"

பிப்ரவரி 4 தீர்ப்பை வாபஸ் வாங்குகிறேன். புதுத் தீர்ப்பு இன்னும் எழுதவில்லை.

ஏப்ரல் 27

இழை தூங்கிவிட்டது. ஒரு தகவலுக்காக எழுப்புகிறேன்.

தும்பா அண்ணனைப் பார்த்தேன். தேடுவதற்கு மொத்தம் இரண்டு போன்தான் ஆனது. தென்காசியில் மகள் வீட்டில் இருக்கிறார். சுகர், ஒரு கால் விரல் எடுத்திருக்கிறது. என்னைப் பார்த்ததும், "என்னல, கேமராலாம் வச்சிருக்க, யாரு கல்யாணம்?" என்றார். கோபம் எதுவும் இருக்கிற மாதிரி தெரியவில்லை, அல்லது எனக்குக் காட்டவில்லை. பேட் பற்றி நானே எடுத்தேன். "அத விடு. ஒன் பேட்ல தும்பா சத்தம் தகரத்துல தட்டுன மாதிரி இருக்கும்லா, எப்படில சகிச்சீங்க?" என்றார். அது பதிவாகியிருக்கிறது.

பிறகு ஆலங்குளம் ராத்திரியைச் சொல்லச் சொன்னேன். தெரியாத மாதிரி சொல்லுங்கண்ணே என்றும் சொன்னேன்.

"எந்த ராத்திரி?"

கரண்டு, டீசல், ஒரு மணி நேரம், எல்லாம் சொன்னேன்.

"அது நான் இல்லடே. அன்னைக்கு எந் தங்கச்சி நிச்சயத்துக்குக் கோவில்பட்டி போயிருந்தேன். எனக்குப் பதிலா கடையநல்லூர்ப் பய ஒருத்தன் வந்தாம்லா, அவன் வாசிச்சிருப்பான். நல்லா வாசிப்பான். அவன் பேரு என்ன..." என்று மகளைக் கூப்பிட்டுக் கேட்டார். மகளுக்கு எப்படித் தெரியும்?

மூன்றடி தள்ளி நின்றேன் என்று மேலே எழுதியிருக்கிறேன், படித்துப் பாருங்கள்.

ஏப்ரல் 28

பழைய மூன்று பேட்டிகளையும் ராத்திரி திரும்பப் போட்டுப் பார்த்தேன். மூன்று பேருமே வாசித்தது தும்பா அண்ணன் என்றுதான் சொல்கிறார்கள். ஒருவர் சிவப்புச் சட்டை என்கிறார். ஒருவர் கட்டம் போட்ட சட்டை. ஜெராக்ஸ் கடைக்காரர், கோட்டைக் கழற்றவே இல்லை என்று சத்தியம் செய்கிறார். கும்மிருட்டு என்று மூன்று பேரும் சொல்கிறார்கள்.

கடையநல்லூர்ப் பக்கம் 1990-களில் மெல்லிசையில் தும்பா வாசித்த யாரையாவது இங்கே யாருக்காவது தெரியுமா?